சவேலி தள்ளிய வண்டி

கோலுபின் இரும்பாலையில் சவேலி மித்ரிச் இருபத்தாறு வருஷம் கசடு தள்ளினார். உலை கக்கிய கசடு முழுக்க ஆறுவதற்குள் அதை ஒற்றைச் சக்கர வண்டியில் வாரிப் போட்டு, முற்றத்தைக் கடந்து, பெரிய வாசலுக்கு வெளியே கால்வாய்க் கரையில் கொண்டுபோய்க் கொட்ட வேண்டும். நாளைக்கு நாற்பது நடை. வண்டியின் பெட்டி இரும்புத் தகடு, கைப்பிடி பிர்ச் மரம், சக்கரம் மட்டும் அவரே தேடிப் பிடித்துப் பொருத்தியது. அந்த வண்டியை வேறு ஒருவன் தொட்டால் அவருக்குப் பொறுக்காது. மற்றபடி உலகத்தில் அவருக்குப் பொறுக்காதது என்று எதுவுமே இருந்ததில்லை. திட்டினால் வாங்கிக்கொள்வார். அபராதம் போட்டால் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நிற்பார். மூஞ்சியில் குத்தினால் ரத்தத்தைத் துப்பிவிட்டு அடுத்த நடைக்குப் போவார். ஆலையில் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்கள் குறைவு. "ஏ, வண்டி!" என்றால் திரும்பிப் பார்ப்பார்.

தலைவர்களைப் பற்றி எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள், எழுதிவிட்டுப் போகட்டும். தலைநகரின் ஆலைப் பேட்டையான எங்கள் நார்வா பக்கத்தில் கட்சி எப்படி ஆட்சிக்கு வந்தது என்று என்னைக் கேட்டால், நான் இந்தக் கசடு தள்ளியைத்தான் காட்டுவேன்.

நோவ்கரத் பக்கத்துக் கிராமத்திலிருந்து இருபத்திரண்டு வயதில் பிழைக்க வந்தவர் சவேலி. இங்கே வந்து அனீசியாவைக் கட்டிக்கொண்டார். ஆறு பிள்ளைகள் பிறந்தன. ஐந்தைக் கால்வாய்க்கு அந்தப் பக்கத்துக் கல்லறையில் புதைத்தார்கள். மிஞ்சியது லுகேரியா ஒருத்திதான், வீட்டில் லூஷா. அவளுக்கு மூன்று வயதில் தொண்டை அடைப்பான் வந்தபோது, மருத்துவர் வீட்டுக்கு அவளைக் கம்பளியில் சுற்றி அதே கசடு வண்டியில் வைத்து ஏழு மைல் தள்ளிக்கொண்டு போனார். அந்த ஒரு காரியத்தை மட்டும் அவர் வாய்விட்டுப் பெருமையாகச் சொல்லிக்கொள்வார். "என் வண்டிதான் இவளப் பொழைக்க வச்சது" என்பார். லூஷா பெரியவளாகி, அதே ஆலையில் பீரங்கிக் குண்டுக்கு உறை செய்யும் பகுதியில் வேலைக்குச் சேர்ந்தாள்.

எங்கள் ஆலைகளில் ஒரு வழக்கம் இருந்தது. தொழிலாளிகளை வதைத்த மேஸ்திரியையோ அதிகாரியையோ, பொறுக்க முடியாமல் போன ஒரு நாளில் எல்லோரும் சேர்ந்து பிடிப்பார்கள். தலை வழியாகச் சாக்கைக் கவிழ்த்துக் கயிற்றால் கட்டி, சாக்கின் மேல் சிவப்புச் சாயத்தை ஊற்றி, கையில் ஒரு விளக்குமாற்றைக் கொடுத்து, ஒற்றைச் சக்கர வண்டியில் உட்காரவைத்துத் தள்ளிக்கொண்டு போவார்கள். இரண்டு பக்கமும் விசிலும் ஊளையும் தகரம் தட்டுகிற சத்தமும் காதைப் பிளக்கும். வாசலுக்கு வெளியே கொண்டுபோய்க் குப்பையோடு குப்பையாகக் கொட்டிவிட்டுத் திரும்பிவிடுவார்கள். அவ்வளவுதான். அதற்குமேல் அவன்மேல் ஒரு விரல் படக்கூடாது. அவன் அந்த வாசலை மறுபடி மிதிக்க மாட்டான், இவர்களும் அவன் வீட்டைத் தேடிப் போக மாட்டார்கள். செய்ததற்கெல்லாம் அதோடு சரி. 1905-ல் இப்படித்தான் ஒரு கிடங்குக்காரனைக் கொட்டினார்கள். அடுத்த மாதமே அவன் பக்கத்துத் தெருவில் மீன் கடை போட்டான். அவனைக் கொட்டினவர்களே அவனிடம் கருவாடு வாங்கிக்கொண்டு ஊர்க்கதை பேசினார்கள். சவேலியும் வாங்கினார்.

வழக்கத்தில் அவருக்கு இருந்த நம்பிக்கை அந்தக் கருவாட்டுக் கடையிலிருந்து வந்தது.

1917 பிப்ரவரியில் ரொட்டி இல்லை. பெண்கள் விடியற்காலையிலேயே போய் வரிசையில் நின்று, உறைந்த காலோடு வெறுங்கையாக ஆலைக்கு வந்தார்கள். வந்தவர்களை வாசலில் புர்க்கின் என்கிற மேஸ்திரி சோதனை போடுவான். வேலை முடிந்து போகும்போதும் போடுவான். பித்தளைத் துண்டு திருடுகிறார்களா என்று பார்க்கிறானாம். எங்கே கை வைத்துப் பார்ப்பான் என்பது எல்லோருக்கும் தெரியும். சவேலி வண்டியோடு அதே வாசலில் நாற்பது நடை போகிறவர், அவர் பார்க்காததா? மகளின் முறை வரும்போது தலையைக் குனிந்துகொண்டு வேகமாகத் தள்ளுவார். இருபத்தாறு வருஷப் பழக்கம்.

ஒரு வியாழக்கிழமை லூஷாதான் முதலில் இயந்திரத்தை நிறுத்தினாள். "ரொட்டி இல்லாம குண்டு உறை கெடயாது!" என்று கத்தினாள். அந்தப் பகுதிப் பெண்கள் எல்லோரும் அவள் பின்னால் வெளியே வந்தார்கள். ஏழே நாளில் ஜார் போய்விட்டார். யாருக்கும் நம்ப முடியவில்லை. ஆலைச் சங்கு ஊதியபோது வேலைக்குப் போவதா வேண்டாமா என்று தெரியாமல் ஜனங்கள் முற்றத்திலேயே நின்றார்கள்.

அப்போதுதான் கடைசல் பகுதியிலிருந்து ரோமன் ஷுபின் சவேலியைத் தேடி வந்தான். இருபத்தெட்டு வயது, ஜெயிலில் இருந்துவிட்டு வந்தவன். ஒல்லியாக, தலை வாரிக்கொண்டு, நகத்தில்கூட அழுக்கில்லாமல் இருப்பான்.

"சவேலி மித்ரிச், உங்க வண்டி வேணும்" என்றான்.

அப்பா பெயரையும் சேர்த்து அவரை மரியாதையாகக் கூப்பிட்ட முதல் ஆள் அவன்தான். சவேலி தொப்பியைக் கழற்றப் போனார்.

"தொப்பி இருக்கட்டும் மாமா. இனிமே யாருக்கும் கழட்ட வேண்டாம்."

"வண்டி எதுக்குத் தம்பி?"

"புர்க்கினுக்கு."

சவேலி ஒரு நிமிஷம் கைப்பிடியைத் தடவிக்கொண்டு நின்றார். "வண்டிய வேற எவன் கையிலயும் குடுக்க மாட்டேன். நானே தள்றேன்" என்றார்.

அன்றைக்கு முற்றத்தில் இரண்டாயிரம் பேர். புர்க்கின் சாக்குக்குள் அழுதான், பிள்ளைகுட்டிக்காரன் என்று கெஞ்சினான். "எங்க கைய வச்ச? இப்ப வையேன் பாப்போம்!" என்று பெண்கள் சாக்கின் மேல் துப்பினார்கள். சவேலி வேண்டுமென்றே ஒவ்வொரு பள்ளத்திலும் சக்கரத்தை இறக்கி ஏற்றினார். ஒவ்வொரு குலுக்கலுக்கும் உள்ளே இருந்தவன் 'அம்மா' என்றான். வாசலுக்கு வெளியே பனிக்குவியலில் கொட்டியபோது கூட்டம் அவரைத் தோளில் தூக்கிக்கொண்டது. அன்று அவருக்குக் கிடைத்த சந்தோஷத்தை மறைத்து எழுதுவதில் அர்த்தமில்லை. கல்யாணத்தன்றுகூட அவர் அவ்வளவு சந்தோஷப்பட்டதில்லை. வீட்டுக்குப் போய்ச் சர்க்கரைக் கட்டியைப் பல்லிடுக்கில் வைத்துக்கொண்டு நாலு கோப்பைத் தேநீர் குடித்தார். லூஷா அவர் கன்னத்தில் முத்தம் கொடுத்தாள்.

அந்த வசந்தத்தில் ஊரில் கட்சிகளுக்குப் பஞ்சமில்லை. மூலைக்கு ஒரு கொடி, முக்குக்கு ஒரு பேச்சாளர். ஒருவர் பொறுங்கள் என்றார், ஒருவர் தேர்தல் வரட்டும் என்றார், ஒருவர் போர் முடியட்டும் என்றார். ஷுபினின் ஆட்கள் மட்டும் பொறுக்கச் சொல்லவில்லை. ரொட்டி இப்போதே, சமாதானம் இப்போதே, ஆலை உங்களுக்கே, இப்போதே. பசித்தவனுக்கு இதைவிட வேறென்ன சொல்ல வேண்டும்? மற்ற கட்சிகளுக்குப் பெயர்கள் இருந்தன. இவர்களைச் சீக்கிரமே எங்கள் பக்கத்தில் வெறுமனே 'கட்சி' என்று சொல்ல ஆரம்பித்துவிட்டோம். லூஷா அதில் சேர்ந்தாள். ரவிக்கைக்குள் துண்டுப் பிரசுரங்களை வைத்துக்கொண்டு சிப்பாய்க் குடியிருப்புகளுக்குப் போய்க் கொடுத்துவிட்டு வருவாள். சவேலி சேரவில்லை, அவருக்குப் படிக்கத் தெரியாது. ஆனால் ஷுபின் எங்கே கூட்டம் போட்டாலும் மேடைக்குப் பக்கத்தில் வண்டியை நிறுத்திக்கொண்டு நிற்பார். ஜனங்கள் வணக்கம் சொல்வார்கள்.

கோடையில் லோப்பெல் என்கிற பொறியாளரின் முறை வந்தது. அறுபது வயது, காது மந்தம். நிலக்கரி தீர்ந்துவிட்டது, இரண்டு உலைகளை அணைத்தே ஆக வேண்டும் என்று எழுதி ஒட்டியிருந்தார். கரி நிஜமாகவே இல்லை. இது சவேலிக்குத் தெரியும், கசடு குறைந்துபோனதை அவரைவிட யார் கண்டார்கள்? ஆனால் ஷுபின் பீப்பாய்மேல் ஏறி நின்று, "கரிய ஒளிச்சு வச்சிட்டு உங்களப் பட்டினி போடறான்!" என்றான். யாரோ சாக்கு கொண்டு வந்தார்கள், யாரோ கயிற்றை இறுக்கிக் கட்டினார்கள்.

வாசலைத் தாண்டியதும், "கால்வாய்க்கு! கால்வாய்க்கு!" என்று கூட்டம் கத்தியது. சவேலி கைகளை உயர்த்தி வண்டியைச் சாய்த்தார். நாளைக்கு நாற்பது தடவை அதே இடத்தில் சாய்த்த கைகள்.

தண்ணீர் ஒரு ஆள் ஆழம்தான். கட்டிப்போட்ட சாக்குக்கு அது தாராளம். சாக்கு ஒருமுறை உப்பியது, விளக்குமாறு மிதந்தது. கூட்டம் கொஞ்ச நேரம் சிரித்தது. அப்புறம் சிரிப்பு நின்றது. ஒருவரும் இறங்கவில்லை.

"செத்துட்டாரு" என்றார் சவேலி. "வழக்கத்துல இது கெடயாதே, தம்பி. கொட்டறதோட சரி. சாகடிக்கறது கெடயாது."

ஷுபின் அவர் தோளில் கை போட்டான். "நீங்க கொட்டுனீங்க. அவ்வளவுதான். அவர் எழுந்திருக்கல, அது அவர் பாடு. இதுக்கெல்லாம் மனசு ஒடிஞ்சா எப்படி?"

வீட்டில் அனீசியா கோஸ் சூப்பை அவர் முன்னால் வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள். "கயித்தையாவது அவுத்துவிட்டுக் கொட்டியிருக்கலாமே" என்றாள். அவர் சாப்பிடாமல் படுத்துக்கொண்டார். லூஷாவும் அன்று சாப்பிடவில்லை. ஆனால் மறுநாளும் பிரசுரத்தை எடுத்துக்கொண்டு போனாள். ஒரு கிழவருக்காகப் புரட்சி நிற்குமா என்று அவளுக்கு யாரோ சொல்லியிருந்தார்கள், அவளும் அதை நம்பினாள். இருபத்து மூன்று வயது.

செப்டம்பரில் ஆலைக்குழுவுக்கு மறு தேர்தல். அதுவரை குழுவில் பொறுக்கச் சொல்கிற கட்சிக்காரர்கள்தான் அதிகம். நல்லவர்கள், நிதானமாகப் பேசுகிறவர்கள், ஜனங்களுக்கு அவர்கள்மேல் மரியாதை உண்டு. கையைத் தூக்கி ஓட்டுப் போட வேண்டும். காலையில் ஷுபின் சவேலியிடம் வந்தான்.

"மாமா, இன்னிக்கி வண்டிய எங்கயும் தள்ள வேண்டாம். கூட்டம் நடக்கற கொட்டகை வாசல்ல நிறுத்திடுங்க, போதும்."

"யார ஏத்தணும்?"

"யாரையும் இல்ல. ஒரு சாக்க மட்டும் மடிச்சு அதுல போடுங்க. ஈரச் சாக்கா இருந்தா இன்னும் நல்லது."

சவேலி அப்படியே செய்தார். உள்ளே போன ஒவ்வொருவரும் அந்த வண்டியைச் சுற்றிக்கொண்டுதான் போக வேண்டியிருந்தது. சாக்கிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. உள்ளே ஷுபின், "கட்சியின் பட்டியலுக்கு எதிர்ப்பு உண்டா?" என்று கேட்டபோது எழுபது எண்பது பேர் கதவுப் பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். பார்த்துவிட்டுக் கைகளை மடியிலேயே வைத்துக்கொண்டார்கள். குழுவின் பழைய தலைவர் எழுந்து கோட்டை மாட்டிக்கொண்டு வெளியே போனார். வண்டியைத் தாண்டும்போது சவேலியைப் பார்த்து, "வெறும் வண்டியே இவ்வளவு கனமா, சவேலி?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

அப்புறம் அக்டோபரில் நடந்ததை எல்லோரும் பெரிதாகச் சொல்கிறார்கள். எங்கள் பக்கத்தில் ஆலைக்குழு துப்பாக்கி கொடுத்தது, முந்நூறு பேர் அரண்மனையைப் பிடிக்க நடந்து போனார்கள், இரண்டு நாள் கழித்து முந்நூறு பேரும் திரும்பி வந்தார்கள். ஒருவனுக்குக் காலில் சுளுக்கு. ஷுபின் முற்றத்தில் ஒரு காகிதத்தை வாசித்தான். அதிகாரம் நம் கையில் என்றான். சவேலி தன் கையைப் பார்த்துக்கொண்டார்.

சமாதானம் வந்ததும் குண்டுக்கு வேலை இல்லை. உலைகள் ஒவ்வொன்றாக அணைந்தன. லோப்பெல் ஒட்டிய காகிதத்தில் இருந்தது இரண்டு உலை. மார்ச்சில் ஏழில் ஆறு அணைந்திருந்தன. ரொட்டி உள்ளங்கையில் அடங்கும் ஒரு துண்டு, அதிலும் ஓட்ஸ் உமி. ஷுபின் தோல் கோட்டு போட்டுக்கொண்டான். இப்போது அவனுக்கு ஆலைக்கு வெளியே அலுவலகம், மோட்டார், டெலிபோன்.

அதற்கு முன்பே, அந்த ஜனவரியில் ஒரு ஊர்வலம் போனது. ஜனங்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த சபையைக் கட்சி கூடவிட வேண்டும் என்று கேட்டுப் போன வெறுங்கை ஊர்வலம். லூஷாவின் பக்கத்து இயந்திரக்காரி அதில் போனாள். கட்சியின் ஆட்கள் கூரையிலிருந்து சுட்டார்கள். அவள் திரும்பவில்லை. லூஷா கட்சி அட்டையை அடுப்பில் போட்டாள்.

"எதுக்குடி எரிச்ச? அதுக்குத் தனியா ரொட்டி குடுக்கறாங்களே" என்றார் சவேலி.

"அந்த ரொட்டிய நீ தின்னுவியாப்பா?"

"பசிக்குதே."

"எனக்கும்தான் பசிக்குது" என்றாள் அவள்.

மே மாதம் அவள் மறுபடி இயந்திரத்தை நிறுத்தினாள். அதே இயந்திரம், அதே கூச்சல், ரொட்டி என்ற அதே சொல். "ஜார்கிட்ட கேட்டோம், குடுக்கல. இவங்ககிட்ட கேக்கறோம், குடுக்கல. அவன் கொசாக் குதிரப்படைய அனுப்பினான். இவன் யார அனுப்பப் போறான்னு பாப்போம்!" பெண்கள் சிரித்தார்கள். சிரித்துக்கொண்டே வாசலை உள்ளேயிருந்து பூட்டினார்கள். லூஷாவைப் பிரதிநிதியாகத் தேர்ந்தெடுத்தார்கள். ஷுபின் துப்பாக்கிக்காரர்களை அனுப்பினான். வாசல்வரை வந்தவர்கள் நின்றுவிட்டார்கள். உள்ளே நானூறு பெண்கள் லூஷாவைச் சுற்றி வளையமாக நின்றார்கள், பல பேர் கையில் பிள்ளை. துப்பாக்கிக்காரர்களில் பாதிப் பேருக்கு அந்த வளையத்தில் தாயோ தங்கையோ இருந்தாள். மூன்று நாள் இப்படியே போயிற்று. இரவில்கூட அவளை நடுவில் படுக்கவைத்துச் சுற்றிப் படுத்துக்கொண்டார்கள்.

நாலாம் நாள் காலை ஷுபின் சவேலியை அலுவலகத்துக்குக் கூப்பிட்டனுப்பினான். உட்காரச் சொன்னான். நிஜமான தேநீர் கொடுத்தான்.

"மாமா, பிடிக்க வேண்டியவங்க பட்டியல்ல அவ பேருதான் முதல்ல இருக்கு. எதிர்ப்புரட்சின்னு போட்டிருக்கு. மேலேருந்து வந்தது. நான் ஒண்ணும் பண்ண முடியாது."

சவேலி கோப்பையைக் கீழே வைத்தார். "சின்னப் பொண்ணு தம்பி. உங்களுக்காகப் பிரசுரம் கொண்டு போனவ. வாய்தான் கொஞ்சம் நீளம்."

"தெரியும்."

"ஒண்ணே ஒண்ணுதான் எனக்கு. அஞ்சப் பொதைச்சாச்சு."

ஷுபின் ஜன்னலைப் பார்த்தான். அவன் மனது இளகுகிறது என்று சவேலி நினைத்தார். ஆலையில் பிறந்து ஆலையில் வளர்ந்தவன், வழக்கம் தெரிந்தவன்.

"நானே அவள வண்டியில ஏத்திக் கொட்டிடறேன்" என்றார். "சாக்கு போட்டு, எல்லார் முன்னாடியும், முறையா. ஆலைய விட்டு வெளிய போயிடுவா. நோவ்கரத்துல என் அண்ணன் இருக்கான், அங்க அனுப்பிடறேன். உங்களுக்கும் தொல்ல விட்டுது. அதோட சரிதானே, தம்பி? வண்டியில போனவங்கள யாரும் தொடக்கூடாதில்ல?"

ஷுபின் திரும்பி அவரைப் பார்த்தான்.

"உங்க வண்டி, உங்க வழக்கம், மாமா" என்றான்.

இதில் எங்கே இருக்கிறது வாக்குறுதி? ஆனால் சவேலி அவன் கையைப் பிடித்து முத்தமிட்டார்.

பகல் பதினோரு மணிக்கு அவர் வண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தபோது, லூஷாவின் அப்பா என்று வாசலைத் திறந்து உள்ளே விட்டார்கள். அனீசியா கொடுத்த பழைய கம்பளியை மடித்துப் பெட்டியில் விரித்திருந்தார், தகடு குத்தாமல் இருக்க. பெண்கள் வளையம் இறுகியது.

"எதுக்கு வந்தீங்க, சவேலி மாமா?" என்று முன்னால் நின்ற ஒருத்தி கேட்டாள். க்லாஷா என்று பெயர், இடுப்பில் பிள்ளை.

"கூட்டிட்டுப் போக வந்தேன். வண்டியில. வழக்கப்படி. அப்புறம் அவ பக்கம் யாரும் வர மாட்டாங்க. ஷுபின் ஒத்துக்கிட்டான்."

"ஒத்துக்கிட்டானா? வாய தொறந்து சொன்னானா?"

"சொன்னான்" என்றார் சவேலி. சொன்னதாகவே அவருக்கு நினைப்பு.

பெண்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். வேறு எவன் வந்திருந்தாலும் மண்டையைப் பிளந்திருப்பார்கள். பெற்ற அப்பன், வழக்கத்தைச் சொல்கிறான். க்லாஷா ஒதுங்கினாள். அவளுக்குப் பின்னால் மற்றவர்கள் ஒதுங்கினார்கள். நடுவில் லூஷா எழுந்து நின்றாள்.

"நான் வரலப்பா."

"வந்துடும்மா. இவளுங்க எத்தன நாளு நிப்பாளுங்க? பிள்ளைங்க பசியில கத்துது பாரு. நீ போனா இவங்களுக்கும் ரொட்டி கெடைக்கும்."

அந்தக் கடைசி வாக்கியம்தான் அவளை அசைத்தது. சுற்றிலும் பார்த்தாள். அப்புறம் தானாகவே வந்து வண்டியில் உட்கார்ந்தாள். "சாக்கு வேண்டாம். மூஞ்சி தெரியவே போறேன். நான் என்ன புர்க்கினா?"

"சாக்கு இல்லாட்டி கணக்குல சேராதும்மா. முறைன்னா முறை." குனிந்து அவள் காதில் சொன்னார்: "வாசல் வரைக்கும்தான். அங்க போனதும் அவுத்துடறேன். ஒன்ன மூணு வயசுல இதே வண்டியில தள்ளிட்டுப் போயிருக்கேன், பயப்படாத."

சாக்கைக் கவிழ்த்தார். கயிற்றைத் தளர்வாகத்தான் கட்டினார். யாரும் ஊளையிடவில்லை, தகரம் தட்டவில்லை. இந்தத் தடவை ஒவ்வொரு பள்ளத்தையும் அவர் சுற்றிக்கொண்டு போனார். நெற்றியிலிருந்து வியர்வை கண்ணில் இறங்கியது, துடைக்கக் கையை எடுக்கவில்லை. உள்ளேயிருந்து லூஷா, "அப்பா, மூச்சு முட்டுது, கொஞ்சம் அவுத்துடேன்" என்றாள். "இதோ, வந்தாச்சு, இதோ" என்றார்.

பெண்கள் வாசலை மறுபடி அவருக்காகத்தான் திறந்தார்கள். வெளியே குப்பை மேட்டுக்குப் பக்கத்தில், பின்பலகை இறக்கிவிட்ட ஒரு மோட்டார் லாரி உறுமிக்கொண்டு நின்றது. ஆறு பேர். எங்கள் பக்கத்து முகம் ஒன்றுகூட இல்லை. ஷுபின் சுவர் ஓரத்தில் சிகரெட் பற்றவைத்துக்கொண்டிருந்தான்.

"அங்க இல்ல, பெரியவரே. இங்க கொட்டுங்க" என்றான் அந்த ஆறு பேரில் ஒருவன், லாரியைக் காட்டி.

சவேலி ஷுபினைப் பார்த்தார். "தம்பி, வண்டியில வந்தாச்சே! வழக்கம்..."

"வழக்கம் ஆலைக்குள்ள, மாமா" என்றான் ஷுபின். "இது ரோடு."

அவர் கைப்பிடியை விடவில்லை. வண்டியைத் திருப்பப் பார்த்தார். பின்னால் வாசல் மூடிவிட்டது, இரண்டு பேர் அதன்மேல் முதுகைக் கொடுத்து நின்றார்கள். ஒருவன் அவர் முழங்கையில் துப்பாக்கிக் கட்டையால் இடித்தான். கைகள் மேலே போயின, வண்டி சாய்ந்தது. லூஷா சாக்கோடு பலகையில் விழுந்தாள். "அப்பா, வாசல் வந்துடுச்சா?" என்று கேட்டாள். லாரி கிளம்பிவிட்டது.

பன்னிரண்டு நாள் அவரும் அனீசியாவும் எல்லா அலுவலகத்துக்கும் அலைந்தார்கள். எங்கேயும் பதில் இல்லை. பதின்மூன்றாம் நாள் ஆலைச் சுவரில் ஒரு பட்டியல் ஒட்டினார்கள். படிக்கத் தெரியாத சவேலி பக்கத்தில் நின்ற பெண்ணின் முழங்கையைத் தொட்டு, "கொஞ்சம் வாசிச்சுச் சொல்லும்மா" என்றார். திரும்பியவள் க்லாஷா. அவள் பதினெட்டுப் பெயரையும் நிதானமாக வாசித்தாள். லுகேரியா நாலாவது. கீழே இருந்த வரியையும் வாசித்தாள்: தண்டனை நிறைவேற்றப்பட்டது.

"நாங்க நாலு நாள் காப்பாத்தி வச்சிருந்தோம்" என்றாள். "உங்கள நம்பி வழி விட்டோம்." பிள்ளையை இடுப்பு மாற்றிக்கொண்டு போய்விட்டாள்.

அனீசியா அழுது முடித்த பிறகு அவரோடு பேசுவதை நிறுத்தவில்லை. நிறுத்தியிருந்தால் பரவாயில்லை. அன்றிலிருந்து அவரை "வண்டிக்காரரே" என்று மட்டும் கூப்பிட்டாள். "வண்டிக்காரரே, சூப் ஆறுது." "வண்டிக்காரரே, விறகு இல்ல." ஆறு வருஷம் கழித்து சன்னியில் கிடந்தபோதும் அதே பெயரைச் சொல்லித்தான் தண்ணீர் கேட்டாள். தண்ணீர் குடித்துவிட்டுச் செத்துப்போனாள்.

கட்சி அவரைக் கைவிடவில்லை. புரட்சியின் முதல் நாட்களிலிருந்து உடன் நின்றவர் என்று அட்டை கொடுத்தார்கள், கூடுதல் ரொட்டி, விறகு. வண்டிக்குச் சிவப்பு வர்ணம் அடித்து ஆலை மன்றத்தில் வைத்தார்கள். நாட்காட்டி மாறிவிட்டதால் அக்டோபருக்கு இப்போது நவம்பரில் ஆண்டு விழா, ஒவ்வொரு வருஷமும் அந்த ஊர்வலத்தில் அதை வெளியே எடுப்பார்கள். வைக்கோல் அடைத்த முதலாளி பொம்மை, தலைக்கு உயரத் தொப்பி, மேலே சாக்கு, கயிறு. அதை சவேலிதான் தள்ள வேண்டும். மேடைக்கு முன்னால் கொண்டுவந்து கொட்ட வேண்டும். மறுக்கலாமே என்று கேட்காதீர்கள். வாழ்நாளில் எதையும் மறுக்காத மனிதர், மறுக்க வேண்டிய அந்த ஒரு நாளிலும் மறுக்காத மனிதர், இனிமேலா மறுப்பார்?

ஆனால் ஒன்று செய்தார். கொட்டும் இடம் வந்ததும் வண்டியை இறக்கி வைப்பார். ஊர்வலம் முழுவதும் அவருக்குப் பின்னால் முட்டிக்கொண்டு நிற்கும். குனிந்து கயிற்றின் முடிச்சை அவிழ்ப்பார். சாக்கை மெதுவாக உருவி எடுப்பார். வைக்கோல் மூஞ்சியைக் கொஞ்ச நேரம் பார்ப்பார். அப்புறம்தான் சாய்ப்பார். ஜனங்களுக்கு அது வேடிக்கை. "தாத்தா, முதலாளிக்கு மூச்சு முட்டுதாமா?" என்று கத்திச் சிரிப்பார்கள். ஒரு வருஷம் மேடையிலிருந்த ஷுபினுக்கு அது பிடிக்கவில்லை. ஊர்வலம் தடைபடுகிறது, அவிழ்க்க வேண்டாம் என்று ஆள் அனுப்பினான். சவேலி தொப்பியைக் கழற்றி, "சரிங்க" என்றார். அடுத்த வருஷமும் அவிழ்த்தார்.

கடைசியாக அவர் வண்டி தள்ளிய வருஷம் மழையும் பனியும் கலந்து பெய்தது. கயிறு நனைந்து முடிச்சு இறுகிவிட்டது, அவருக்கும் விரல்கள் மடங்கவில்லை. பின்னால் வாத்தியக்காரர்கள் இரண்டாவது தடவையாக அதே பாட்டை வாசித்தார்கள். யாரோ ஒரு இளைஞன் வந்து, "தள்ளுங்க தாத்தா, நேரமாகுது" என்று தோளைத் தொட்டான். சவேலி முழங்கால் போட்டு உட்கார்ந்து, முடிச்சைப் பல்லில் கடித்து இழுத்துக்கொண்டிருந்தார். ஈறிலிருந்து ரத்தம் வந்தது.

"வாசல் வந்துடுச்சும்மா" என்று சாக்கிடம் சொல்லிக்கொண்டிருந்தார். "இதோ, அவுத்துடறேன்."